தேர் செய்த குற்றம் என்ன?



சில வாரங்களுக்கு முன்பு ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்கு மனுநீதிச் சோழன் கதையைக் கற்பித்துக் கொண்டிருந்தேன். ஆராய்ச்சி மணி ஒலித்தது. கன்றை இழந்த பசு அரண்மனை வாயிலில் நின்றது. அரசன் தன் ஒரே மகனையே தேர்க்காலில் இட்டான். கதை முடிந்ததும் வழக்கம்போல், "ஐயம் ஏதும் உண்டா?" என்று கேட்டேன். பின்வரிசையிலிருந்து மாணவன் ஒருவன் எழுந்தான். அவன் தந்தையார் லோரி ஓட்டுநர். "ஐயா, அந்தத் தேரை என்ன செய்தார்கள்?" என்று கேட்டான். வகுப்பு முழுவதும் சிரித்தது. நானும் சிரித்துவிட்டேன். "தேர் என்னப்பா குற்றம் செய்தது? ஓட்டியவன் அல்லவா குற்றவாளி!" என்று சொல்லி அவனை அமர வைத்தேன்.

வீடு திரும்பிய பிறகுதான் அவ்வினா என்னை உறுத்தத் தொடங்கியது. நான் சிரித்திருக்கக் கூடாது. ஏனெனில், தேரையே குற்றவாளியாக்கித் தண்டித்த சட்டங்கள் உலக வரலாற்றில் உண்டு. ஓட்டியவன் ஒருவன், உடைமையாளன் வேறொருவன் என்னும்போது, அத்தண்டனை எவர் தலையில் விழுகிறது என்பது சிரிப்பிற்குரிய செய்தி அன்று. மதுவிலக்குச் சட்டங்களின் கீழ்க் கைப்பற்றப்படும் வாகனங்களின் வரலாற்றைப் படித்தால் இது தெளிவாக விளங்கும். அவ்வரலாற்றை இவ்விடுகையில் சுருக்கமாகச் சொல்ல விரும்புகிறேன்.

பொருளைக் குற்றவாளியாக்கிய சட்டம்

இங்கிலாந்தில் நெடுங்காலம் ஒரு விந்தையான சட்டம் இருந்தது. ஒரு வண்டியோ, குதிரையோ, விழுந்த மரமோ ஒரு மனிதனின் சாவுக்குக் காரணமானால், அப்பொருள் அரசுக்கு உரியதாகிவிடும். அதற்கு 'டியோடண்டு' என்று பெயர். கடவுளுக்குக் கொடுக்கப்பட வேண்டியது என்பது அந்த இலத்தீன் சொல்லின் பொருள். சாவை விசாரிக்கும் நடுவர் குழு அப்பொருளின் மதிப்பைக் கணக்கிட்டுச் சொல்லும். உடையவர் அத்தொகையைக் கட்ட வேண்டும். அவர் தவறு செய்தாரா, அவ்விடத்தில் இருந்தாரா என்பது பெரிதாகக் கருதப்படவில்லை. இருப்புப்பாதை வந்து, விபத்துகளில் ரயில் எஞ்சின்கள் மீதும் நடுவர் குழுக்கள் பெருந்தொகை விதிக்கத் தொடங்கிய பிறகே இச்சட்டத்தின் பொருந்தாமை உறைத்தது. 1846-ஆம் ஆண்டு அது ஒழிக்கப்பட்டது.

சட்டம் மறைந்தாலும் அதன் பின்னிருந்த எண்ணம் மறையவில்லை. கடற்கொள்ளையிலும் கடத்தலிலும் ஈடுபட்ட கப்பல்களைப் பிடிக்கும்போது, அவற்றின் உடைமையாளர் ஏதோ ஒரு தொலைநாட்டில் இருப்பார். அவரைப் பிடித்து வந்து விசாரிக்க இயலாது. ஆகவே கப்பலையே எதிர்வாதியாக்கி வழக்குத் தொடுப்பது கடல் வாணிகச் சட்டங்களில் இயல்பான வழியாயிற்று. 1827-இல் 'பால்மைரா' என்னும் கப்பலைப் பற்றிய வழக்கில், இத்தகைய பறிமுதலுக்கு உடைமையாளர் மீதான குற்றத் தீர்ப்பு முன்நிபந்தனை ஆகாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் கூறியது. அவ்வகை வழக்கில் பொருளே முதன்மைக் குற்றவாளியாகக் கொள்ளப்படும் என்பது நீதிபதி ஸ்டோரியின் கருத்து. கப்பலுக்குச் சொன்ன இந்தக் கருத்து, ஒரு நூற்றாண்டு கழித்து மகிழுந்தின் மேல் ஏறி அமர்ந்தது.

அமெரிக்க மதுவிலக்கும் மகிழுந்துகளும்

1920 சனவரி 17-ஆம் நாள் அமெரிக்க நாடு முழுவதும் மதுவிலக்கு நடைமுறைக்கு வந்தது. அதனைச் செயற்படுத்த இயற்றப்பட்டது 1919-ஆம் ஆண்டின் 'வோல்ஸ்டெட்' சட்டம். மகிழுந்து எளிய குடும்பங்களையும் எட்டத் தொடங்கிய காலம் அது. சாராயம் கடத்துவோருக்கு அதைவிட வசதியான கருவி ஏது? 1921 டிசம்பரில் டிட்ராய்டுக்கும் கிராண்ட் ராப்பிட்சுக்கும் இடைப்பட்ட சாலையில் ஒரு மகிழுந்தை மதுவிலக்கு அதிகாரிகள் மடக்கினர். இருக்கையின் மெத்தையைக் கிழித்துப் பார்த்தபோது 68 புட்டிகள் கிடைத்தன. நீதிமன்ற ஆணை இன்றி ஓடும் வண்டியைச் சோதிக்கலாமா என்னும் வினா அவ்வழக்கில்தான் எழுந்தது. தக்க காரணம் இருந்தால் சோதிக்கலாம் என 1925-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இதுவே 'கரோல்' வழக்கு.

சரி, பிடிபட்ட வண்டியை என்ன செய்வது? வோல்ஸ்டெட் சட்டத்தின் 26-ஆம் பிரிவு இதற்கு ஓரளவு நேர்மையான விடையைத் தந்தது என்றே சொல்ல வேண்டும். அதிகாரி மதுவையும் வண்டியையும் கைப்பற்ற வேண்டும். வண்டியில் இருந்தவரைக் கைது செய்ய வேண்டும். ஆனால், வண்டியின் மதிப்பைப்போல் இருமடங்கு தொகைக்குப் பிணைப்பத்திரம் எழுதிக் கொடுத்தால், வண்டி உடைமையாளரிடம் திருப்பித் தரப்படும். விசாரணை நாளில் அவர் அதைக் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். கடத்தியவர் குற்றவாளி எனத் தீர்ப்பான பிறகே வண்டி ஏலத்திற்குப் போகும். அப்போதும் உடைமையாளர் தக்க காரணம் காட்டினால் ஏலத்தைத் தவிர்க்கலாம். நடந்ததை அறியாமல் அவ்வண்டிக்குக் கடன் கொடுத்தவருக்கு ஏலத்தொகையிலிருந்து அவர் பங்கு கிடைக்கும்.

இவ்வளவு பாதுகாப்பு இருந்தும் சிக்கல் எங்கிருந்து வந்தது? வரிச் சட்டத்திலிருந்து வந்தது. 1866-ஆம் ஆண்டில் வேர்கொண்ட பழைய வரிச் சட்டம் ஒன்று, வரி கட்டாத சரக்கை மறைத்து ஏற்றிச் சென்ற வண்டியைப் பறிமுதல் செய்யலாம் என்றது. அதில் அப்பாவி உடைமையாளருக்கு எவ்வகைப் பாதுகாப்பும் இல்லை. ஒரே குற்றத்திற்கு இரண்டு சட்டங்கள் இருந்தால் வழக்குத் தொடுப்பவர் தமக்கு வசதியான சட்டத்தைத்தானே எடுப்பார்? ஜார்ஜியா மாநிலத்து நிறுவனம் ஒன்று ஹட்சன் மகிழுந்து ஒன்றைத் தவணை முறையில் விற்றது. கடன் தீரும் வரை வண்டி நிறுவனத்தின் உடைமை. வாங்கியவர் அதை வாடகை வண்டியாக ஓட்டினார். அதில் வரி கட்டாத சாராயம் பிடிபட்டது. நிறுவனத்திற்கு ஏதும் தெரியாது. இருப்பினும் வண்டி பறிமுதலாவது சரியே என 1921-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 'கோல்ட்ஸ்மித் கிராண்ட்' வழக்கு எனப்படும் அதில், பழைய டியோடண்டு சட்டமே முன்மாதிரியாக எடுத்துக் காட்டப்பட்டது. இங்கிலாந்து புதைத்துவிட்ட சட்டத்தைக் கடல் கடந்து தோண்டியெடுத்தார்கள் எனலாம்.

1926-இல் கேன்சஸ் மாநிலத்திலிருந்து வந்த 'வான் ஆஸ்டர்' வழக்கு இன்னும் வருத்தத்திற்குரியது. ஒருவர் மகிழுந்து ஒன்றை விலைக்கு வாங்கினார். சில காலம் விற்றவரே அதைத் தம் தொழிலுக்குப் பயன்படுத்திக்கொள்ள இசைந்தார். விற்றவரின் கூட்டாளி அவ்வண்டியில் மது கடத்தினார். வாங்கியவர், "எனக்கு இது தெரியாது, நான் இதற்கு இசையவில்லை" என்று வாதாடினார். அவ்வாதம் ஏற்கப்படவில்லை. வண்டியை ஒருவரிடம் நம்பிக் கொடுத்தவர், அந்நம்பிக்கை பொய்த்தால் வரும் இழப்பையும் தாங்க வேண்டும் என்பதே தீர்ப்பின் சாரம். அதே ஆண்டில் வந்த மற்றொரு வழக்கின் பெயரைக் கேளுங்கள்: 'அமெரிக்க ஐக்கிய நாடுகள் எதிர் ஒரு ஃபோர்டு கூப்பே மகிழுந்து'. ஒரு பேரரசு ஒரு பக்கம். ஒரு வண்டி மறு பக்கம்!

சட்டத்தின் இக்கடுமை மெல்லத் தணிந்தது. மது ஏற்றிச் சென்றவர் மதுவிலக்குச் சட்டப்படி கைது செய்யப்பட்டால், அச்சட்டத்தின் 26-ஆம் பிரிவின்படியே வண்டியைக் கையாள வேண்டும். கடுமையான வரிச் சட்டத்தை அரசு விருப்பம்போல் தேர்ந்தெடுக்க இயலாது என 1930-இல் 'ரிச்பர்க்' வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. 1933 டிசம்பரில் மதுவிலக்கே முடிவுக்கு வந்தது. 1935-இல் இயற்றப்பட்ட சட்டம், நல்லெண்ணத்தோடு உரிமை பெற்று, நடந்ததை அறியாதிருந்தவருக்கு மது வழக்கு வாகனங்களின் மீதான பறிமுதலைத் தளர்த்தும் அதிகாரத்தை நீதிமன்றங்களுக்கு அளித்தது. "உடைமையாளருக்குத் தெரியுமா?" என்னும் எளிய வினாவைக் கேட்க ஒரு நாட்டிற்கு இத்தனை ஆண்டுகள் தேவைப்பட்டன.

சேலத்தில் தொடங்கிய சட்டம்

இனி இந்தியாவிற்கு வருவோம். மதுவிலக்கு இந்திய விடுதலை இயக்கத்தின் தலையாய கொள்கைகளுள் ஒன்று. இராஜாஜி திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் அமைத்து, 1929-இல் மதுவிலக்குப் பிரசாரத்திற்கென்றே 'விமோசனம்' என்னும் இதழை நடத்தினார். எழுத்தாளர் கல்கி அவ்விதழில் அவருக்குத் துணையாக இருந்தார். 1937-இல் சென்னை மாகாணத்தின் பிரதமரானதும் இராஜாஜி செய்த முதற்பணிகளுள் ஒன்று மதுவிலக்குச் சட்டம். அவ்வாண்டு அக்டோபர் 1-ஆம் நாள் சேலம் மாவட்டத்தில் அது நடைமுறைக்கு வந்தது. பின்னர்ச் சித்தூர், கடப்பை, வடஆர்க்காடு மாவட்டங்களுக்கும் விரிந்தது. கள், சாராய வருவாய் போனதை ஈடுகட்ட 1939-இல் பொது விற்பனை வரி கொண்டுவரப்பட்டது. 1948 அக்டோபர் 2-ஆம் நாளுக்குள் ஓமந்தூர் இராமசாமி ரெட்டியார் ஆட்சியில் மாகாணம் முழுவதும் மதுவிலக்கு வந்தது.

பின்னர் நடந்தவை பலரும் அறிந்தவையே. 1971-இல் தமிழ்நாட்டில் மதுவிலக்கு தளர்த்தப்பட்டது. 1974-இல் மீண்டும் வந்தது. 1981-இல் மீண்டும் நீங்கியது. 1983-இல் 'டாஸ்மாக்' எனப்படும் அரசு வாணிகக் கழகம் தொடங்கப்பட்டது. 2003 முதல் சில்லறை விற்பனையையும் அதுவே நடத்துகிறது. எனினும் 1937-ஆம் ஆண்டுச் சட்டம் மட்டும் நீக்கப்படவில்லை. 'தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம்' என்ற பெயரில் அது இன்றும் உயிரோடு இருக்கிறது. அரசு விற்கும் மதுவைக் குடிக்கலாம். கள்ளச்சாராயம் காய்ச்சினாலோ, வரி குறைவாக உள்ள புதுச்சேரியிலிருந்து அனுமதியின்றி மது கொண்டுவந்தாலோ அச்சட்டம் பாயும். கடலூர், விழுப்புரம் எல்லைச் சோதனைச் சாவடிகளில் பிடிபடும் மோட்டார் சைக்கிள்களும் மகிழுந்துகளும் இச்சட்டத்தின் கீழ்த்தான் கைப்பற்றப்படுகின்றன. இவ்வாறு பறிமுதலான வாகனங்களின் பொது ஏலம் பற்றிய அறிவிப்புகளைத் தமிழக நாளேடுகளில் அடிக்கடி காணலாம்.

கைப்பற்றுதல் வேறு, பறிமுதல் வேறு

இவ்விடத்தில் இரண்டு சொற்களின் வேறுபாட்டைத் தெளிவுபடுத்திக் கொள்வது நல்லது. பேச்சு வழக்கில் இரண்டையும் ஒன்றாகவே வழங்குகிறோம். கைப்பற்றுதல் என்பது வண்டியைக் காவல் துறை தன் பொறுப்பில் எடுத்துக்கொள்வது. வண்டி அப்போதும் உடைமையாளருடையதே. பறிமுதல் என்பது உடைமை உரிமையே அரசுக்குப் போய்விடுவது. முன்னது ஒரு நாளில் நடக்கும். பின்னதற்கு விசாரணை வேண்டும். உடைமையாளருக்கு அறிவிப்புக் கொடுக்க வேண்டும். அவர் சொல்வதைக் கேட்க வேண்டும்.

இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட காலம் இருக்கிறதே, அதுதான் கொடியது. வழக்கு முடிய ஆண்டுகள் ஆகும். அதுவரை வண்டி எங்கே இருக்கும்? காவல் நிலைய வளாகத்தில், வெயிலிலும் மழையிலும் நிற்கும். முதலில் சக்கரத்தின் காற்றுப் போகும், பிறகு மின்கலம் சாகும், தகரம் துருப்பிடிக்கும், இருக்கைக்குள் எலி கூடு கட்டும், சக்கரத்தைச் சுற்றிப் புல் முளைக்கும். வழக்கு முடிந்து, "உடைமையாளர் குற்றமற்றவர், வண்டியைக் கொடுங்கள்" என்று நீதிமன்றம் சொல்லும் நாளில் அங்கே வண்டி இருக்காது. வண்டியின் எலும்புக்கூடுதான் இருக்கும். ஆனால் தவணை மட்டும் மாதந்தோறும் தவறாமல் வந்திருக்கும்!

இந்த இடைக்காலத்திற்கென்றே இந்தியக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இரண்டு பிரிவுகள் இருந்தன. விசாரணை நிலுவையில் இருக்கும்போது பொருளைத் தக்கவரிடம் இடைக்காலமாக ஒப்படைக்கும் அதிகாரத்தை 451-ஆம் பிரிவு குற்றவியல் நடுவருக்கு அளித்தது. காவல் துறை கைப்பற்றி, இன்னும் நீதிமன்றத்தின் முன் கொண்டுவராத பொருளைப் பற்றி ஆணையிட 457-ஆம் பிரிவு வழிவகுத்தது. உடைமையாளர் மனுச் செய்வார், பதிவுச் சான்றிதழைக் காட்டுவார், பிணைப்பத்திரம் எழுதுவார். வண்டியை விற்க மாட்டேன், அதன் தோற்றத்தை மாற்ற மாட்டேன், அழைக்கும்போது கொண்டுவந்து நிறுத்துவேன் என உறுதி கூறுவார். இவ்வுறுதிகளின் பேரில் வண்டி விடுவிக்கப்படும். வோல்ஸ்டெட் சட்டத்தின் பிணைப்பத்திரத்தை இங்கே நினைத்துப் பாருங்கள். காலமும் நாடும் வேறு. மனிதர் கண்ட தீர்வு ஒன்றே.

2002-ஆம் ஆண்டுத் தீர்ப்பு

இப்பிரிவுகள் ஏட்டில் இருந்தனவே தவிர, நடைமுறையில் வண்டிகள் துருப்பிடித்துக் கொண்டுதான் இருந்தன. இந்நிலையில் 2002 அக்டோபர் 1-ஆம் நாள் இந்திய உச்ச நீதிமன்றம் வழங்கிய 'சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் மாநிலம்' என்னும் தீர்ப்பு ஒரு திருப்புமுனை.

அவ்வழக்கின் பின்னணி சுவையானது. அதில் குற்றஞ்சாட்டப்பட்டவர்கள் கடத்தல்காரர்கள் அல்லர், காவல் துறையினரே! காவல் நிலையத்தில் வழக்குச் சொத்தாக வைக்கப்பட்டிருந்த மதிப்புமிக்க பொருள்களை எடுத்துக்கொண்டு, அவற்றின் இடத்தில் போலிகளை வைத்தனர் என்பது அவர்கள் மீதான குற்றச்சாட்டுகளுள் ஒன்று. காப்பகத்திலேயே பொருளுக்குக் காப்பு இல்லை என்றால், எதற்காக அதை அங்கே வைத்திருக்க வேண்டும் என்ற வினா இயல்பாகவே எழுந்தது.

451-ஆம் பிரிவின் அதிகாரத்தை நடுவர்கள் விரைவாகவும் அறிவார்ந்த முறையிலும் பயன்படுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பணித்தது. கைப்பற்றிய பொருள் காவல் நிலையத்தில் பதினைந்து நாள் முதல் அதிகம் போனால் ஒரு மாதத்திற்கு மேல் இருக்கக் கூடாது. வண்டியைப் படம் எடுத்து, விவரப் பட்டியல் எழுதி, பிணை பெற்றுக்கொண்டு உரியவரிடம் ஒப்படைத்துவிடலாம். விசாரணையில் வண்டிக்குப் பதிலாக அப்படங்களையும் பட்டியலையும் சான்றாகக் கொள்ளலாம். எவரும் உரிமை கோராத வண்டியை ஏலம் விடலாம். கைப்பற்றிய மதுவிலும் மாதிரி எடுத்துக்கொண்டு எஞ்சியதை உடனே அப்புறப்படுத்தலாம். வண்டிகளை நெடுநாள் காவல் நிலையத்தில் நிறுத்திவைப்பதால் எவருக்கும் பயனில்லை என்பதே தீர்ப்பின் உட்கருத்து. அன்று முதல் இந்தியா முழுவதும் வண்டியை விடுவிக்கக் கோரும் மனுக்களில் இத்தீர்ப்பே முதன்மை மேற்கோள் ஆயிற்று.

2024 சூலை 1-ஆம் நாள் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம் இக்கருத்தைச் சட்டமாகவே ஆக்கியிருக்கிறது. அதன் 497-ஆம் பிரிவின்படி, பொருள் நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட 14 நாளுக்குள் நடுவர் அதன் விவர அறிக்கையை ஆயத்தம் செய்ய வேண்டும். படமோ காணொளியோ எடுக்கச் செய்ய வேண்டும். பின்னர் 30 நாளுக்குள் அதைப் பற்றி ஆணையிட வேண்டும்.

கதவை அடைத்த சட்டங்கள்

ஆனால், கதை இத்துடன் இனிதாக முடிந்துவிடவில்லை. பொதுச் சட்டம் கதவைத் திறந்தால், தனிச் சட்டம் அதை அடைத்துவிடுகிறது.

குஜராத்தில் நடைமுறையில் உள்ளது 1949-ஆம் ஆண்டின் பம்பாய் மதுவிலக்குச் சட்டத்தின் வழிவந்த சட்டம். குறிப்பிட்ட அளவுக்கு மேல் மது பிடிபட்டால், இறுதித் தீர்ப்பு வரும் வரை வண்டியைப் பிணையில் விடக் கூடாது என்கிறது அதன் 98-ஆம் பிரிவு. ஆகவே அங்குள்ள வண்டி உரிமையாளர்கள் அரசியலமைப்பின் 226-ஆம் விதியைப் பற்றிக்கொண்டு உயர் நீதிமன்றத்தின் படியேறுகிறார்கள். புதுதில்லியின் 2009-ஆம் ஆண்டு ஆயத்தீர்வைச் சட்டம், பறிமுதல் அதிகாரத்தை ஆட்சித்துறை அலுவலரிடம் கொடுத்து, நீதிமன்றங்கள் அதில் தலையிடுவதைத் தடுத்தது. 2014-இல் 'நரேந்தர்' வழக்கில், அத்தகைய தடை இருக்கும்போது நடுவரோ உயர் நீதிமன்றமோ வண்டியை விடுவிக்க இயலாது என்று உச்ச நீதிமன்றமே கூறிவிட்டது. 2016-இல் முழு மதுவிலக்கைக் கொண்டுவந்த பீகார் மாநிலமும் பறிமுதல் அதிகாரத்தை மாவட்ட ஆட்சியரிடம் ஒப்படைத்து, மற்ற நீதிமன்றங்களுக்குத் தடை விதித்தது. வண்டியை மீட்கக் கோரும் மனுக்கள் பாட்னா உயர் நீதிமன்றத்தில் குவிந்தன. 2022-இல் அச்சட்டம் திருத்தப்பட்டு, தண்டத்தொகை கட்டி வண்டியை மீட்கும் வழி திறக்கப்பட்டது.

தமிழ்நாட்டுச் சட்டத்தின் 14-ஆம் பிரிவும் மதுவிலக்கு அதிகாரிக்குப் பறிமுதல் அதிகாரத்தைத் தருகிறது. எனினும், பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் இருக்கிறது என்பதனால் மட்டும் நடுவரின் இடைக்கால அதிகாரம் அற்றுப்போய்விடாது என்னும் நிலைப்பாட்டைச் சென்னை உயர் நீதிமன்றம் மேற்கொண்டுள்ளது. வண்டியைத் தக்க நிபந்தனைகளோடு கொடுத்துவிடலாம். இறுதியில் பறிமுதல் என முடிவானால், திரும்பப் பெற்றுக்கொள்ளலாம்.

இன்னொரு வழக்கையும் ஈண்டுக் குறிப்பிட வேண்டும். அது மது வழக்கு அன்று. மத்தியப் பிரதேசத்தின் பசுவதைத் தடைச் சட்டத்தின் கீழ் ஒரு லோரி பறிமுதலான வழக்கு. குற்றஞ்சாட்டப்பட்டோர் விடுதலை ஆகிவிட்டனர். லோரிக்கு மட்டும் விடுதலை இல்லை. 2022-இல் உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. குற்றமே மெய்ப்பிக்கப்படாதபோது உடைமையைப் பறிப்பது, சட்டத்தின் வழியாலன்றி எவரது சொத்தையும் பறிக்கக் கூடாது என்னும் அரசியலமைப்பின் 300அ விதிக்கு முரண் என்று கூறியது. ஆள் விடுதலை ஆகி, வண்டி மட்டும் சிறையில் இருந்த விந்தையை அத்தீர்ப்பு முடித்து வைத்தது.

மறுபக்கமும் உண்டு

நான் மதுவிற்காகப் பரிந்து பேசுவதாக எவரும் எண்ணிவிட வேண்டா. மதுவின் கொடுமையை நமக்குப் பிறர் சொல்லித் தர வேண்டியதில்லை. தோட்டப்புறக் கள்ளுக்கடைகள் நம் முன்னோரின் கூலியையும் உடலையும் ஒருங்கே விழுங்கின. 1946, 1947-ஆம் ஆண்டுகளில் கெடா மாநிலத் தோட்டங்களில் தொண்டர் படையினர் அக்கடைகளை எதிர்த்துப் போராடிய வரலாறு நமக்கு உண்டு. தமிழ்நாட்டின் கள்ளக்குறிச்சியில் 2024 சூன் மாதம் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 60-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அதன் பின்னர்ச் சட்டம் திருத்தப்பட்டு, ஆயுள் தண்டனை வரை தண்டனைகள் கடுமையாக்கப்பட்டன. நஞ்சு தானாக நடந்து வருவதில்லை. ஏதோ ஒரு வண்டியில்தான் வருகிறது. அவ்வண்டியைப் பிடிக்காமல் விட்டால், அது நாளையும் வரும். கடத்தல்காரனுக்கு அபராதம் பெரிதன்று. வண்டி போவதுதான் அவனுக்கு வலிக்கும். ஆகவே பறிமுதல் என்னும் அதிகாரம் தேவை என்பதை நான் மறுக்கவில்லை.

என் கவலை வேறு. ஒரு சிறு லோரி உரிமையாளரை எண்ணிப் பார்ப்போம். வீட்டுப் பத்திரத்தை அடகு வைத்து வண்டி வாங்கியவர். ஓட்டுநர் அவருக்குத் தெரியாமல் தார்ப்பாய்க்கு அடியில் இரண்டு பெட்டி மதுவை வைத்துவிட்டார். ஓட்டுநருக்கு ஓரிரு வாரங்களில் பிணை கிடைத்துவிடலாம். வண்டிக்குப் பிணை கிடைக்க எத்தனை மாதம்? அம்மாதங்களில் அவர் வீட்டு அடுப்பு எரிய வேண்டும். பிள்ளைகளின் பள்ளிக் கட்டணம் கட்ட வேண்டும். பெருங்கடத்தல்காரனோ ஒரு வண்டி போனால் மறு வண்டி வாங்கிக்கொள்வான். ஒரே ஒரு வண்டியை வைத்துப் பிழைப்பவரைத்தான் இக்காத்திருப்பு கொல்லும். விசாரணை முடியும் முன்பே அவர் தண்டனையை அனுபவித்து முடித்துவிடுகிறார்.

ஆகவே இந்த நூறாண்டு வரலாற்றிலிருந்து நான் கற்றுக்கொண்டவை இரண்டு வினாக்களே. உடைமையாளருக்குத் தெரியுமா? இது முதல் வினா. அதற்கு விடை காணும் வரை வண்டியை எவர் காப்பது? இது இரண்டாம் வினா. முதல் வினாவைக் கேட்காத சட்டம், கடன் கொடுத்தவரையும் விலைக்கு வாங்கியவரையும் கடத்தல்காரனோடு சேர்த்துத் தண்டித்தது. இரண்டாம் வினாவைக் கேட்காத சட்டம், குற்றமற்றவருக்கும் துருப்பிடித்த இரும்பைத்தான் திருப்பிக் கொடுத்தது. வண்டியைப் பிணையில் விடுவதால் வழக்கு ஓடிப்போகாது. படம் இருக்கிறது, பட்டியல் இருக்கிறது, பத்திரம் இருக்கிறது. குற்றம் உறுதியானால் வண்டி திரும்ப வரும்.

வள்ளுவப் பெருந்தகை 93-ஆம் அதிகாரத்தில் கள்ளுண்ணாமையைப் பாடினார். அவரேதான் 55-ஆம் அதிகாரத்தில் செங்கோன்மையையும் பாடினார். ஒன்றைக் காக்க மற்றொன்றைக் கைவிட வேண்டும் என்று அவர் எங்கும் சொல்லவில்லை. சிலப்பதிகாரத்துப் பாண்டியன் ஒரு சிலம்பு கையில் இருந்ததையே குற்றத்திற்குச் சான்றாகக் கொண்டான். அது எவருடையது என்று விசாரிக்கவில்லை. கேட்க வேண்டிய வினாவைக் காலம் கடந்து கேட்டான். அதற்கு அவன் தந்த விலை நாமறிந்ததே.

மறுநாள் வகுப்பில் அந்த மாணவனை எழுப்பி, "நேற்று நான் சிரித்தது தவறு. உன் வினா நல்ல வினா" என்று எல்லார் முன்னிலையிலும் சொன்னேன். "சோழன் தேரைத் தண்டித்ததாகக் கதையில் இல்லை. பின்னாளில் வந்தவர்கள்தாம் தேரையும் பிடித்து வைத்தார்கள்; சில நேரங்களில் ஓட்டியவனை விட்டுவிட்டுத் தேரை மட்டும் வைத்துக்கொண்டார்கள்" என்றேன். அவன் சற்று நேரம் சிந்தித்துவிட்டு, "தேர் வேறொருவருடையதாக இருந்தால், ஐயா?" என்று கேட்டான். உச்ச நீதிமன்றங்கள் பல ஆண்டுகள் வாதாடிய வினாவை அவன் ஒரே மூச்சில் கேட்டுவிட்டான். இம்முறை வகுப்பில் எவரும் சிரிக்கவில்லை.